அத்தை அனுப்பாத பார்சல்

போன வாரம் வேன் அக்கா நீதிமன்றத்துக்குள், சிரித்த முகத்தோடு, எல்லோரும் பார்க்கத் தலையாட்டியதைப் பார்த்தோம். அந்தத் தலையாட்டலுக்காக அவளுடைய வக்கீலம்மா படிக்கட்டில் நிறுத்தி அவளை ஒரு வாங்கு வாங்கியதையும் பார்த்தோம். ஏன் என்று மறந்துபோனவர்களுக்கும், பக்கத்து வீட்டில் பத்திரிகையை இரவல் வாங்கி இந்த வாரம்தான் உள்ளே நுழைகிறவர்களுக்கும் சேர்த்துச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். இரவல் கொடுத்த புண்ணியவதிக்கு என் நன்றி.

பள்ளிக்கூட வேன் ஓட்டுகிறவள், அதனால் அவள் வேன் அக்கா. உள்ளாட்சித் தேர்தலில் நின்று கவுன்சிலரும் ஆகிவிட்டாள். ஆனால் அவள் ஜெயித்தது தனி வார்டு. காலங்காலமாக ஒடுக்கி வைக்கப்பட்ட சாதியில் பிறந்தவர்கள் மட்டும்தான் அதில் நிற்கலாம். அம்மா அந்தச் சாதி. அப்பா அந்தச் சாதி இல்லை, தங்களை மேலே என்று சொல்லிக்கொள்கிற கூட்டத்தில் பிறந்தவர். தேர்தலில் தோற்ற ஐஸ் கம்பெனிக்காரர் இந்த இடத்தைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டார். அப்பன் சாதிதான் பிள்ளைக்கு, அதனால் இவள் நின்றதே செல்லாது என்று வழக்குப் போட்டுவிட்டார்.

ஐஸ் கம்பெனிக்காரரைக் கெட்டவர் என்று முத்திரை குத்திவிடாதீர்கள். அவரும் அம்மாவின் ஆளுகளில் ஒருவர்தான். "எங்களுக்குன்னு இருக்கறதே ஒண்ணு ரெண்டு நாற்காலி. அதையும் அந்தப் பக்கத்து ரத்தத்துக்குக் கொடுத்துட்டு நாங்க நிக்கணுமா?" என்று அவர் கேட்டதைத் தப்பு என்று நான் சொல்ல மாட்டேன். வேன் அக்காவே சொன்னதில்லை.

சட்டம் என்ன சொல்கிறது? வழக்கமாக அப்பா சாதிதான். ஆனால் பிள்ளை அம்மாவின் ஆளுகளுக்கு நடுவே வளர்ந்து, அவர்கள் பட்டதையெல்லாம் தானும் பட்டு, அப்பா பக்கத்து உறவால் ஒரு நன்மையும் அடையவில்லை என்று காட்டினால் அம்மா சாதி என்று எடுத்துக்கொள்ளலாம். காட்ட வேண்டியது வேன் அக்காவின் பொறுப்பு. "பட்ட அவமானத்துக்கு ரசீது கேக்கறாங்க" என்று அவள் இரண்டு அத்தியாயங்களுக்கு முன்பு புலம்பியது இதைத்தான்.

போன வாரம் எதிர்த் தரப்பின் கடைசிச் சாட்சியாக வந்தவர் அடுத்த வீட்டு டெய்லரம்மா. நல்ல மனுஷி, பொய் பேசத் தெரியாது. "இவங்க அப்பா பக்கத்துல ஒரு அத்தை இருக்காங்க. வருஷா வருஷம் இந்தப் பொண்ணுக்கு பஸ்ல பார்சல் போட்டு விடுவாங்க. தெருவே பார்த்திருக்கு" என்றார். அதைக் கேட்டு நம் வேன் அக்கா என்ன செய்தாள்? பெருமையாகத் தலையாட்டினாள். நீதிபதி அதைப் பார்த்துவிட்டார். அப்பா பக்கம் கைவிட்ட பிள்ளை என்று வக்கீலம்மா கட்டிய கோட்டையில் அவள் கையாலேயே ஒரு ஓட்டை விழுந்தது.

இனி இன்றைய நாளுக்கு வருவோம். இன்று முதல் நம் தரப்புச் சாட்சிகள். முதலில் அப்பா.

அப்பா விடிந்ததிலிருந்து நகத்தைத் தேய்த்துக்கொண்டிருந்தார். பஸ்ஸுக்கு பாடி கட்டும் பட்டறையில் அவர் பெயிண்டர். கூண்டில் ஏறும் அன்றைக்காவது நகக்கண்ணில் சிவப்பு தெரியக் கூடாது என்று, தின்னரில் நனைத்த துணியோடு பின்வாசலில் உட்கார்ந்திருந்தார். அம்மா அதே பட்டறையில் சீட்டுக்கு ரெக்ஸின் தைக்கிறவள். வீட்டிலும் ஒரு கனத்த தையல் மெஷின் சமையலறையில் பாதியை அடைத்துக்கொண்டு நிற்கிறது. ரொட்டித் தட்டு, டீத்தம்ளர், வழக்குக் கட்டு எல்லாம் அதன் மேல்தான். அவள் பஸ்ஸுக்கு உள்ளே சீட்டு மாட்டிக்கொண்டிருக்க, வெளியே இவர் ஜன்னலுக்குக் கீழே கோடு இழுத்துக்கொண்டிருக்க, அந்தக் கோடு கோணிப்போன காதல் கதையை இந்தத் தொடரில் மூன்று தடவை சொல்லியாகிவிட்டது. இன்னொரு தடவை சொன்னால் பத்திரிகை ஆசிரியர் என்னைக் கோணலாகப் பார்ப்பார்.

வேன் அக்கா வாசலில் நின்று கணவனிடம் சாவியைக் கொடுத்தாள். இன்று வேனை அவன் ஓட்டுகிறான். பிள்ளைகள் எந்தப் பள்ளிக்கூடத்தில் போய் இறங்கப்போகிறார்களோ.

அவள் உள்ளே வந்தபோது அப்பா துணியைக் கீழே வைத்தார்.

"அந்தப் பார்சலெல்லாம் அத்தை அனுப்பலை" என்றார்.

வேன் அக்கா ரொட்டியைப் பிட்டுக்கொண்டே, "பின்ன யாரு அனுப்பினது?" என்றாள்.

"நான்தான்."

"எதை?"

"எல்லாத்தையும்."

அவள் சிரித்தாள். அப்பா விளையாடுகிறார் என்று நினைத்தாள். அவர் முகத்தில் ஈயாடவில்லை என்பதைப் பார்த்ததும் ரொட்டியைத் தட்டில் வைத்தாள்.

"மஞ்சள் ரெயின்கோட்?"

"அப்ப பூசின பஸ்ஸுக்கு முதலாளி கொஞ்சம் சேர்த்துக் கொடுத்தாரு. அதுல வாங்கினேன்."

"உலக உருண்டை?"

"அது கொஞ்சம் நசுங்கியிருந்துச்சு. அதனால பாதி விலைக்குக் கொடுத்தான். வழியில நசுங்கிடுச்சு போலன்னு உங்கிட்ட சொன்னேன்."

"பஸ் டிரைவர் வந்து கொடுப்பாரே, அத்தை போட்டு விட்டாங்கன்னு."

"நம்ம பட்டறையில பாடி கட்டின பஸ். எனக்குத் தெரிஞ்ச டிரைவர். ஸ்டாண்டுல அவர் கையில கொடுத்து, தெருமுனையில நாலு பேர் பாக்கற மாதிரி இறக்கச் சொல்லுவேன்."

"மேல எழுதியிருக்கற கையெழுத்து?"

பஸ்ஸின் நெற்றியில் ஊர்ப்பெயரை எத்தனை விதமாக வேண்டுமானாலும் எழுதுகிற மனிதருக்கு, சாய்வான ஒரு பெண் கையெழுத்து பெரிய காரியமா?

"ஏம்பா?" என்றாள் அவள். கோபமாகக் கேட்க நினைத்தாள், வரவில்லை.

"நீதான் கேட்ட. எல்லாருக்கும் அத்தை இருக்கு, எனக்கு எங்கன்னு. தெருவுல இருக்கற புள்ளைங்களுக்கெல்லாம் ரெண்டு பக்கமும் சொந்தம். உனக்கு மட்டும் ஒரு பக்கம் மூடியே கிடந்துச்சு. எனக்குப் பொறுக்கல." அவர் நகத்தைப் பார்த்துக்கொண்டார். "முதல்ல ஒரு தடவை மட்டும்னுதான் நினைச்சேன். நீ அந்தப் பென்சில் டப்பாவைத் தூக்கிட்டு வீடு வீடா போய்க் காட்டின. அப்புறம் நிறுத்த முடியல."

வேன் அக்கா அம்மாவின் பக்கம் திரும்பினாள்.

"உனக்குத் தெரியுமா?"

"பிரிச்சா தின்னர் வாசனை மூக்கைத் துளைக்கும்" என்றாள் அம்மா. "உங்க அத்தை மருந்துக்கடை வெச்சிருந்தவ. அவ அனுப்பியிருந்தா மருந்து வாசனை வரணும்."

"நீயும் சொல்லலையே."

"சொல்லி?" அம்மா தட்டுகளை எடுத்துக்கொண்டு எழுந்தாள். "நீ சந்தோஷமா இருந்த, அவரும் சந்தோஷமா இருந்தாரு. எனக்கு என்ன வந்துச்சு, நடுவுல பூந்து கெடுக்க?"

இப்படித்தான் ஒரு வீடு வருஷக்கணக்கில் ஒரு பொய்யை ஊட்டி வளர்த்திருந்தது. ஆளுக்கு ஒரு காரணம், எல்லாம் நல்ல காரணம். அந்தப் பொய் இன்று வளர்ந்து ஆளாகி, எதிர்த் தரப்புக்குச் சாட்சி சொல்லிக்கொண்டிருந்தது.

வேன் அக்காவுக்கு அழுகை வந்தது, கூடவே சிரிப்பும். ஆனால் எல்லாவற்றையும் தள்ளிவிட்டு முன்னால் வந்து நின்றது வேறொன்று. அப்படியானால் அந்த அத்தை எப்படி இருப்பாள்? சின்ன வயதிலிருந்து மனதுக்குள் ஒரு அத்தை இருந்தாள். குண்டாக, சிரிப்பாக, தன்னைப் போலவே இடப்பக்கம் வகிடெடுத்தவளாக. அவளை அப்பா அட்டைப்பெட்டிக்குள் வைத்துக் கட்டி அனுப்பியிருக்கிறார். நிஜமானவள் யார்?

அதைத் தெரிந்துகொள்ள ரொம்ப நேரம் காத்திருக்க வேண்டியதில்லை. நிஜமான அத்தைக்கு இன்றைக்குத்தான் வரும்படி சம்மன் போயிருந்தது. தம்பியை வீட்டை விட்டு ஒதுக்கி வைத்தோம் என்பதை அவர் வாயாலேயே சொல்ல வைக்கலாம் என்று வக்கீலம்மா முன்பே போட்ட திட்டம் அது. வருவாரா மாட்டாரா என்பதுதான் யாருக்கும் தெரியவில்லை.

நீதிமன்ற வராந்தாவில் அப்பாவின் கதையைக் கேட்ட வக்கீலம்மா இருமல் மிட்டாயைக் கன்னத்தில் ஒதுக்கிக்கொண்டு யோசித்தார்.

"இதை அப்பவே சொல்லியிருந்தா போன வாரம் நான் தலையில கை வெச்சுக்கிட்டு உக்காந்திருக்க மாட்டேன். சரி, கூண்டுல ஏறி அப்படியே சொல்லுங்க. இது நமக்கு நல்லதுதான். அந்த வீட்டுல இருந்து ஒரு துரும்பு கூட வரல, வராததை மறைக்க அப்பனே கதை கட்டினான்னா, ஒதுக்கினதுக்கு இதைவிடச் சாட்சி வேணுமா?"

"நம்புவாங்களாம்மா?" என்றார் அப்பா.

"உங்க அக்கா வந்து 'நான் எதுவும் அனுப்பலை'ன்னு ஒரு வார்த்தை சொன்னா நம்பித்தான் ஆகணும்."

"சொல்லுவா. எங்க மேல கோவம் இருக்கு. ஆனா பொய் பேச மாட்டா. கட்டின புருஷனுக்கே டாக்டர் சீட்டு இல்லாம மாத்திரை கொடுக்காதவ."

வக்கீலம்மாவுக்கு அந்த ஒரு தகவல் மிட்டாயைவிட இனித்தது.

கூண்டில் அப்பா நன்றாகத்தான் பேசினார். கல்யாணத்தன்று வீட்டுக் கதவு தன் முகத்தில் சாத்தப்பட்டதை, தன் அப்பா இறந்த சேதி மூன்றாம் மனிதர் மூலமாகத் தெரிந்ததை, பிறகு பார்சல்களை என்று ஒவ்வொன்றாகச் சொன்னார். நீதிபதி எழுதுவதை நிறுத்திவிட்டுக் கேட்டார்.

அப்புறம் எதிர்த் தரப்பு வக்கீல் எழுந்தார். மெல்லிய குரல். எதிரே நிற்பவரை உட்காரச் சொல்லி விசாரிக்கிற மாதிரி பேசுவார், அதனாலேயே எனக்கு அவரைப் பிடிக்காது.

"நீங்க எந்த மாதிரி கையெழுத்து வேணும்னாலும் எழுதுவீங்க, இல்லையா?"

"எழுதுவேங்க. தொழில் அதுதானே."

"டிரைவர்கிட்ட சொல்லி நாடகம் போட்டீங்க. தெரு முழுக்க நம்பினாங்க."

"ஆமாங்க."

"சொந்த மகளும் நம்பினாங்க."

"நம்பினா."

"ரொம்ப நல்லா பொய் சொல்றீங்க ஐயா. இத்தனை வருஷமா பாசத்துக்காக மகள்கிட்ட பொய் சொன்னவர், அதே பாசத்துக்காக இன்னிக்கு ஒருநாள் கோர்ட்டுல சொல்ல மாட்டீங்கன்னு எப்படி எடுத்துக்கறது?"

கூண்டின் கட்டையைப் பிடித்திருந்த அப்பாவின் விரல்களில், அத்தனை தேய்த்தும், சிவப்பு கொஞ்சம் ஒட்டிக்கொண்டிருந்தது. பின்வரிசையில் ஐஸ் கம்பெனிக்காரர் சிரிக்கவில்லை. அந்த மட்டுக்கும் அவருக்கு ஒரு நல்ல பேர் கொடுக்கலாம்.

மதிய இடைவேளை விட்டார்கள்.

"இப்ப எல்லாம் உங்க அத்தை கையிலதான்" என்றார் வக்கீலம்மா. "வந்துட்டாங்க. சாட்சிங்கறதால உள்ள விடல, அதனால காலையில நடந்தது எதுவும் அவங்களுக்குத் தெரியாது. தெரியாம இருக்கறதுதான் நமக்கு நல்லது. நீங்க போய்ப் பேசாதீங்க. பக்கத்துல கூடப் போகாதீங்க. புரியுதா?"

"புரியுது" என்றாள் வேன் அக்கா.

புரிந்தது உண்மை. போனதும் உண்மை. நான் என்ன செய்வது? அவளை ஐந்து மாதமாக எழுதுகிறேன், இன்னும் என் பேச்சைக் கேட்பதில்லை.

கைகழுவும் இடத்துக்குப் போகிறேன் என்று அம்மாவிடம் சொல்லிவிட்டு, வராந்தாவின் கடைசிவரை நடந்தாள். பழைய பீரோக்களை அடுக்கி வைத்திருந்த மூலையில் ஒரு பெஞ்சு. அதில் ஒல்லியாக, நிமிர்ந்து, கைப்பையை மடியில் வைத்துக்கொண்டு ஒரு அம்மாள். குண்டும் இல்லை, சிரிப்பும் இல்லை. வகிடு மட்டும் இடப்பக்கம் இருந்தது. அதைப் பார்த்ததும் வேன் அக்கா தன் வகிட்டைத் தொட்டுப் பார்த்துக்கொண்டாள்.

"நீதானா அது?" என்றார் அந்த அம்மாள், கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு.

"ஆமா."

"நெத்தி அவனோடது. உக்காரு."

உட்கார்ந்தாள். பெஞ்சின் இந்தக் கோடியில்.

"உங்ககிட்ட பேசக் கூடாதுன்னு வக்கீலம்மா சொன்னாங்க."

"பின்ன ஏன் வந்த?"

"பாக்கணும்னு இருந்துச்சு."

அத்தை கைப்பையின் ஜிப்பை ஒருமுறை திறந்து மூடினார்.

"ஒண்ணே ஒண்ணுதான்" என்றாள் வேன் அக்கா. "உள்ள உங்களை ஒரு கேள்வி கேப்பாங்க. சின்ன வயசுல எனக்கு ஏதாவது அனுப்பினீங்களான்னு. உண்மையைச் சொல்லிட்டா போதும்."

"நானா? அனுப்பினேன்னு யார் சொன்னது?"

"அப்பா. அதாவது, அப்பவே சொல்லி வளர்த்துட்டாரு. அவரே வாங்கி, உங்க பேர்ல அனுப்பியிருக்காரு. எனக்கே இன்னிக்குக் காலையிலதான் தெரியும்."

அத்தை பெஞ்சில் அவள் பக்கமாகத் திரும்பி உட்கார்ந்தார். பிறகு, மருந்துக்கடைக் கவுன்டருக்குப் பின்னால் நின்று கேட்கிற தோரணையில், "என்னென்ன?" என்றார்.

"என்னது?"

"நான் என்னென்ன அனுப்பினேன்?"

வேன் அக்கா இங்கே எழுந்து போயிருக்க வேண்டும். ஆனால் வாழ்நாளெல்லாம் அத்தையிடம் சொல்ல வேண்டும் என்று வைத்திருந்ததை, அத்தையே கேட்கும்போது யாரால் சொல்லாமல் இருக்க முடியும்?

"முதல்ல கலர் பென்சில். தகர டப்பாவுல. டப்பா மேல கப்பல் படம் போட்டிருக்கும்."

"ம்."

"அப்புறம் ரெயின்கோட்."

"என்ன கலர்?"

"மஞ்சள். எங்க தெருவுல வேற யாருக்கும் கிடையாது. மழை இல்லாத நாள்லயும் போட்டுக்குவேன்."

"அளவு சரியா இருந்துச்சா?"

"பெரிசா இருந்துச்சு. மறு வருஷமும் போட்டேன்."

"ம். அப்புறம்?"

"உலக உருண்டை. ஒரு பக்கம் நசுங்கினது. கடல் இருக்கற பக்கம், அதனால பரவாயில்ல. அப்புறம் சைக்கிளுக்கு மணி. சைக்கிளே இல்லாம மணி மட்டும் வந்துச்சு. அதை ஜன்னல் கம்பியில மாட்டி அடிச்சுட்டே இருப்பேன்னு அம்மாவுக்குக் கோவம்."

சொல்லச் சொல்ல அவளுக்கே சிரிப்பு வந்தது. அத்தை சிரிக்கவில்லை. ஒவ்வொன்றையும் உதட்டுக்குள் திரும்பச் சொல்லிப் பார்த்துக்கொண்டார்.

"நான் அனுப்பினதுன்னு நம்பினியா?"

"தெருவுல அத்தையைப் பத்தி என்னை மாதிரி பீத்திக்கிட்டவங்க யாரும் இல்ல. பள்ளிக்கூடத்துல ஒருத்தி என் தம்ளரைத் தொட மாட்டேன்னு சொன்னா. 'போடி, என் அத்தை பெரிய கடைக்காரி'ன்னு சொன்னேன்."

அத்தையின் கை ஜிப்பின் மேல் அப்படியே நின்றது.

"ஒரு தடவையாவது வந்து பாக்கணும்னு தோணலையா உங்களுக்கு?" வேன் அக்கா கேட்டுவிட்டாள். கேட்கும் எண்ணம் இல்லாமல்தான் கேட்டாள்.

"எங்க வீட்டுல தோணறதையெல்லாம் செய்ய விட மாட்டாங்க." அத்தை எழுந்தார். "நீ போ. உங்க வக்கீல் தேடுவாங்க."

"உண்மையைச் சொல்லிடுவீங்கல்ல, அத்தை?"

அந்த வார்த்தை தானாக வந்துவிட்டது. அத்தை அதைக் கேட்டார், ஆனால் பிடி கொடுக்கவில்லை.

"நான் பொய் சொல்லி நீ கேட்டிருக்கியா?"

"நீங்க பேசியே நான் கேட்டதில்லையே."

முதல்முறையாக அத்தையின் வாயோரம் கொஞ்சம் அசைந்தது. வேன் அக்கா நிம்மதியாகத் திரும்பி வந்தாள். கால் தரையில் பாவவில்லை. இந்த வழக்கில் ஜெயித்துவிட்டால் நாற்காலி மட்டும் இல்லை, கவுன்சிலராகி அவள் ஆரம்பித்து, தெருவில் பாதி தோண்டிக் கிடக்கிற சாக்கடை மட்டும் இல்லை. 'இவள் எங்கள் பொண்ணு' என்று ஓட்டுப் போட்ட அம்மாவின் ஆளுகள் முன்னால், அவர்களுடைய இடத்தைத் திருடியவள் என்ற பேர் போய்விடும். அதை நினைத்துத்தான் அவள் இத்தனை மாதமாகத் தூங்கவில்லை.

மதியம் அத்தை கூண்டில் ஏறினார். அப்பா சாட்சி சொல்லி முடித்துவிட்டதால், அம்மாவுக்கும் மகளுக்கும் பக்கத்தில் முன்வரிசையில் உட்கார்ந்திருந்தார். அக்காவை இத்தனை வருஷம் கழித்துப் பார்க்கிறார். கண்ணை எடுக்கவே இல்லை. அம்மா மட்டும் தன் மடியையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

வக்கீலம்மா மிட்டாயைத் துப்பிவிட்டு எழுந்தார்.

"உங்க தம்பியை வீட்டை விட்டு ஒதுக்கினது உண்மையா?"

"உண்மை."

"என்ன காரணம்?"

"அவன் பண்ணிக்கிட்ட கல்யாணம்."

"பொண்ணோட சாதிக்காகன்னு சொல்லலாமா?"

"அதுக்காகத்தான். வேற எதுக்கு?" அத்தையின் குரலில் ஒளிவு மறைவு இல்லை. "எங்க அப்பா அவன் பேரை வீட்டுல சொல்லக் கூடாதுன்னுட்டாரு. நாங்களும் சொல்லல."

நீதிபதி எழுதினார். எதிர்த் தரப்பு வக்கீல் காதைச் சொறிந்தார். வக்கீலம்மாவின் முகத்தில் ஒரு வெளிச்சம். இனி ஒரே கேள்வி, ஒரே பதில்.

"அப்படின்னா, அந்தக் கல்யாணத்துல பிறந்த மகளுக்கு உங்க வீட்டுல இருந்து எதுவும் போகல?"

அத்தை கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். மாட்டிக்கொண்டு வேன் அக்காவை நேராகப் பார்த்தார்.

"போச்சு" என்றார். "நான் அனுப்பினேன்."

வக்கீலம்மா கையிலிருந்த தாளை மேஜைமேல் வைத்தார்.

"நல்லா யோசிச்சுச் சொல்லுங்க. உங்க தம்பி காலையில இதே கூண்டுல..."

"தம்பி என்ன சொன்னான்னு எனக்குத் தெரியாது. என் மருமகளுக்கு நான் என்ன அனுப்பினேன்னு எனக்குத் தெரியும். தகர டப்பாவுல கலர் பென்சில், மேல கப்பல் படம். மஞ்சள் கலர் ரெயின்கோட், மறு வருஷமும் போடட்டும்னு கொஞ்சம் பெரிசா வாங்கினேன். ஒரு உலக உருண்டை. சைக்கிள் மணி." ஒவ்வொன்றாக, நிறுத்தி, கவுன்டரில் எடுத்து வைப்பது போலச் சொன்னார். "அவளுக்கு அத்தை இல்லாமப் போகல. எழுதிக்குங்க."

நீதிபதி எழுதிக்கொண்டார்.

உங்களுக்கு ஒன்று சொல்லட்டுமா? அந்த நேரத்தில் வேன் அக்காவுக்குச் சந்தோஷமாக இருந்தது. மக்கு மாதிரி சந்தோஷமாக இருந்தது. ஒரு நிறைந்த கூடத்தில், எல்லோருக்கும் கேட்க, அப்பா வீட்டு மனுஷி ஒருத்தி அவளை மருமகள் என்று சொன்னது இதுதான் முதல் தடவை. அது தன் தலையில் விழுந்த கல் என்று அவளுக்கு உறைக்கக் கொஞ்சம் நேரம் பிடித்தது.

பிறகு உறைத்தது. டெய்லரம்மா சொன்னதற்கு முத்திரை விழுந்துவிட்டது. அப்பா கூண்டில் நின்று பொய் சொன்னவர் ஆகிவிட்டார். அத்தனையையும் அத்தைக்கு எடுத்துக் கொடுத்தது அவளே. பெஞ்சில் உட்கார்ந்து, சிரித்துக்கொண்டே, கலர் முதற்கொண்டு.

"அக்கா ஏன் இப்படிச் சொல்றா?" என்று அப்பா முணுமுணுத்தார். "அவளுக்குப் பொய்யே வராதே."

எதிர்த் தரப்பு வக்கீல் பாதி எழுந்து, "குறுக்கு விசாரணை எதுவும் இல்லை" என்று சொல்லிவிட்டு உட்கார்ந்தார். இதைவிட மென்மையாக யாராலும் ஒருவரைக் கவிழ்க்க முடியாது.

"நீங்க போகலாம்" என்றார் நீதிபதி.

அத்தை போகவில்லை. கூண்டின் கட்டையைப் பிடித்தபடி நின்றார். இதுவரை இல்லாத ஒரு தடுமாற்றம் அவர் குரலில் இருந்தது.

"இன்னும் ஒண்ணு இருக்கு. யாரும் கேக்கல, நானே சொல்றேன். இதுக்கெல்லாம் முன்னாடி, இவ பிறந்த வாரம், ஒரு கம்பளிப் போர்வை அனுப்பினேன். எங்க அப்பாவுக்குத் தெரியாம, கடையில உக்காந்து நானே பின்னினது. பச்சைக் கலர். நாலே நாள்ல அது திரும்பி வந்துடுச்சு. பிரிச்சுப் பாத்து, திரும்ப மடிச்சு, நான் கட்டின கயித்தாலயே கட்டி அனுப்பியிருந்தாங்க. அதுக்கப்புறம் எனக்கு..."

வேன் அக்கா இந்தப் போர்வையைப் பற்றி அத்தையிடம் சொல்லவில்லை. அவளுக்கே தெரியாது. பெஞ்சில் அவள் எடுத்துக் கொடுத்தவற்றில் இது இல்லை.

அவள் அப்பாவைப் பார்த்தாள். அப்பா வாயைத் திறந்தபடி தலையை இப்படியும் அப்படியும் ஆட்டினார். அவருக்கும் தெரியாது என்பது அந்த முகத்தில் எழுதி ஒட்டியிருந்தது.

அவள் அம்மாவின் பக்கம் திரும்பினாள். அம்மா மடியிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. ரெக்ஸின் ஊசி குத்திக் குத்திக் காய்த்துப்போன கட்டைவிரலை இன்னொரு விரலால் தேய்த்துக்கொண்டே இருந்தாள்.

"பச்சை இல்ல" என்றாள் அம்மா, பக்கத்தில் இருப்பவளுக்கு மட்டும் கேட்கிற குரலில். "நீலம். திருப்பிக் கட்டி அனுப்பினவ நான்தானே."